பொன்னுருக்க ஒரு வீடு

17

போன வாரம் லண்டன் கோலியர்ஸ் வுட்டில், சாப்பாட்டு மேசையில், பத்மநாதன் ஒரு நிபந்தனையைப் போட்டுவிட்டுக் கை கழுவ எழுந்து போனதோடு நிறுத்தியிருந்தோம்.

நிபந்தனை இதுதான். மகள் தயாளினியைக் கட்டப்போகிறவன் முதலில் ஏதாவது ஒரு நாட்டின் கடவுச்சீட்டை எடுக்க வேண்டும். எடுத்த பிறகு பொன்னுருக்கலாம், தாலி செய்யலாம், மண்டபம் நிறைய ஆட்களைக் கூப்பிட்டுச் சோறும் போடலாம். அதுவரை எதுவும் இல்லை.

மாப்பிள்ளை காங் ஜுன்ஹோ கொரியன். பிறந்து வளர்ந்தது ஜப்பானில், ஒசாக்காவில். தயாளினி எக்ஸ்ரே எடுக்கும் ஆஸ்பத்திரியில் அந்த இயந்திரங்களைப் பழுது பார்க்கும் எஞ்சினியர். அவனுடைய தாத்தா ஜப்பானுக்கு வேலைக்கு வந்தபோது கொரியா ஒரே நிலமாக, ஜப்பானின் ஆட்சிக்குள் இருந்தது. போர் முடிந்ததும் ஜப்பான் அவர்களை வெளியார் என்று பதிந்தது. நாடு என்ற இடத்தில் அந்தப் பிரியாத பழைய நிலத்தின் பெயரை எழுதியது. பிறகு கொரியா இரண்டாக உடைந்தது. பலர் தென் கொரியக் குடியுரிமை எடுத்தார்கள், பலர் ஜப்பானியர் ஆனார்கள், சிலர் எழுதியது எழுதியபடியே இருந்துவிட்டார்கள். ஜுன்ஹோவின் தாயும் தங்கையும் தெற்கை எடுத்துக்கொண்டார்கள். செத்துப்போன தகப்பனும் ஜுன்ஹோவும் எடுக்கவில்லை.

ஆகவே அவனிடம் கடவுச்சீட்டு கிடையாது. ஜப்பானுக்குத் திரும்பி வரலாம் என்று ஜப்பான் கொடுத்த அனுமதிப் புத்தகம் ஒன்றுதான் இருக்கிறது. அதை வைத்துக்கொண்டுதான் லண்டன் வரை வந்து சேர்ந்திருக்கிறான்.

"தாத்தா வந்தது ஒரு நாட்டிலிருந்து. ஒரு பாதியை எடுத்தால் மற்றப் பாதியை இல்லை என்று சொன்னதாகிவிடும். அப்பா சொல்லவில்லை. நானும் சொல்ல மாட்டேன்," என்று போன வாரம் அவன் ஆங்கிலத்தில் மரியாதையாகச் சொன்னான்.

"நாடும் இல்லை, வீடும் இல்லை. பேச்சு மட்டும் இருக்கு," என்று பத்மநாதன் தமிழில் சொன்னார்.

இதற்கிடையில் பத்மநாதனின் மனைவி சந்திரவதனா சும்மா இருந்தாள் என்று நினைத்தீர்களானால் உங்களுக்கு அவளை இன்னும் தெரியவில்லை.

அவள் கோயில் ஐயரிடம் போனில் கேட்டு நாள் வைத்துவிட்டாள். பொன்னுருக்கல் மாப்பிள்ளை வீட்டில் நடப்பது. தாலிக்கான தங்கத்தை மாப்பிள்ளை எடுத்துக் கொடுக்க, நகை செய்யும் பத்தர் எல்லோருக்கும் முன்னால் உருக்குவார். பெண் வீட்டார் தட்டுகளோடு போய் இருப்பார்கள். அதைச் செய்துவிட்டால் கலியாணம் பாதி முடிந்தது போலத்தான். உருகிய தங்கத்துக்கு முன்னால் நின்றுகொண்டு மனுசன் இனி என்ன நிபந்தனை போட முடியும்? இதுதான் சந்திரவதனாவின் கணக்கு. பத்தருக்குச் சொல்லிவிட்டாள், ஜுன்ஹோவுக்கும் தயாளினியிடம் மூச்சு விடக் கூடாது என்று சொல்லிவிட்டாள். வீட்டில் ஒருவருக்கும் சொல்லவில்லை.

வியாழக்கிழமை காலை, பத்மநாதன் பெற்றோல் நிலையத்துக்கு ஷிப்டுக்குப் போன பிறகுதான் வாயைத் திறந்தாள்.

"இண்டைக்குப் பொன்னுருக்கு. பத்தரையிலயிருந்து பன்னிரண்டு மட்டும் நல்ல நேரம்."

தயாளினி தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்தாள். "இண்டைக்கோ? அம்மா, இண்டைக்குப் பின்னேரம் எங்களுக்கு ரெஜிஸ்டர் ஒஃபிசில அப்பொயின்ட்மென்ட். கலியாணம் செய்யப்போறம் எண்டு அரசாங்கத்துக்கு நோட்டீஸ் குடுக்கவேணும். கலண்டரில பெரிசா எழுதி வைச்சிருக்கிறன்."

"உன்ர கலண்டரை ஆர் பாத்தது? நான் பஞ்சாங்கத்தையெல்லோ பாத்தனான்."

"ரெண்டு பேரும் சேந்து நேரில போகவேணும். இல்லாட்டி எடுக்கமாட்டினம்."

சந்திரவதனாவுக்கு அப்போதுதான் உறைத்தது. பொன்னுருக்கிய பிறகு தாலி கட்டும் வரைக்கும் பெண்ணும் மாப்பிள்ளையும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கக் கூடாது. காலையில் பொன்னுருக்கிவிட்டுப் பின்னேரம் இருவரையும் பக்கத்துப் பக்கத்துக் கதிரையில் உட்கார வைக்கிற கூத்தை யாழ்ப்பாணத்தில் ஒருத்தரும் செய்ததில்லை.

"நோட்டீசை நாளைக்கு மாத்தேலாதோ?"

"அடுத்த இடம் கிடைக்க ஒரு மாசத்துக்கு மேல செல்லும். முதலே பிடிச்சு வைச்ச மண்டபத்துத் திகதி போயிடும். அதை விடுங்கோ, எங்க வைச்சு உருக்கப் போறியள்?"

"மாப்பிள்ளை வீட்டிலதான்."

"ஜுன்ஹோவுக்கு வீடு எங்கயம்மா? நியூ மோல்டனில ஒரு அறை. வீட்டுக்காரி மெழுகுதிரி கொளுத்தவே விடமாட்டா. பத்தர் காஸ் அடுப்போட போய் நிண்டா பொலிசுக்குப் போன் அடிப்பா."

இதையும் சந்திரவதனா யோசிக்கவில்லை. மாப்பிள்ளை என்றால் அவனுக்குப் பின்னால் ஒரு வீடும் அந்த வீட்டுக்குள் நாலு மனிதரும் இருப்பார்கள் என்றுதான் அவள் ஆயுள் முழுக்க எண்ணியிருந்தாள்.

"சித்தி வீடு இருக்கு," என்றாள் தயாளினி மெதுவாக.

சட்டனில் இருக்கும் தன் சொந்தத் தங்கை சுவர்ணாவின் வீட்டுக்குள் சந்திரவதனா இதுவரை கால் வைத்ததில்லை. சுவர்ணா கட்டிய கிருஷ்ணராசா, இலங்கை மலைநாட்டில், ஹட்டன் பக்கம் தேயிலைத் தோட்டத் தொழிலாளர் லயத்தில் பிறந்தவர். அந்தக் காலத்தில் அவரை ஒரு இழிந்த சொல்லால் குறிப்பிட்டு, 'அவன்ர வாசலுக்கு நான் வரமாட்டன்' என்று சொன்னவள் இதே சந்திரவதனாதான். மரண வீடுகளில் கண்டால் தலையாட்டுவார்கள். அவ்வளவுதான் உறவு.

அவள் எழுந்து போய் நல்ல சேலை ஒன்றைக் கட்டிக்கொண்டு வந்தாள். கையில் ஒரு வெள்ளித் தட்டு, அதில் ஒரு சீப்பு வாழைப்பழம்.

"காரை எடு," என்றாள்.

* * *

சுவர்ணா கதவைத் திறந்தாள். தமக்கையைப் பார்த்தாள், தட்டைப் பார்த்தாள். உள்ளே திரும்பி, "இஞ்சேருங்கோ, அக்கா வந்திருக்கிறா," என்று கூப்பிட்டபோது அவள் குரல் ஒரு மாதிரி இருந்தது.

கிருஷ்ணராசா கண்ணாடி யன்னல் போடும் தொழில் செய்கிறார். வேலை உடுப்போடு, கையில் கடித்த பாண் துண்டோடு வந்தார். வாயாடி மனிதர். அன்றைக்கு மட்டும் மனைவியின் தமக்கை தானாகப் பேசட்டும் என்று பேசாமல் நின்றார்.

சந்திரவதனா வாசலிலேயே நின்று எல்லாவற்றையும் சொல்லி முடித்தாள்.

"மாப்பிள்ளைக்குப் பாஸ்போர்ட்டே கிடையாதுன்னு சுவர்ணா சொன்னா. நெசமா?" என்று கேட்டார் கிருஷ்ணராசா.

"ஓம்."

"அப்ப எங்க ஆளுதான்." சிரித்தார். "நான் பொறந்தப்ப இலங்கையும் என்னை இல்லைன்னுச்சு, இந்தியாவும் இல்லைன்னுச்சு. அப்புறம் ரெண்டு சர்க்காரும் உக்காந்து எங்களப் பங்கு போட்டாங்க. அண்ணன் இந்தியாவுக்குப் போனான். நான் இலங்கைப் பங்கு. ஒரே வீட்டுப் புள்ளைங்க. அவன் கப்பல் ஏறினதுக்கு அப்புறம் நான் அவனப் பாக்கல."

அதைச் சோகமாகச் சொல்லவில்லை. யன்னல் அளவு சொல்வதைப்போலச் சொன்னார்.

"உங்களைப் பற்றி நான் அப்ப கதைச்சது பிழை, கிருஷ்ணராசா."

"பிழைன்னு எனக்கும் தெரியும்க்கா. உள்ள வாங்க."

பாணை வாயில் போட்டுக்கொண்டு தட்டை வாங்கிச் சுவர்ணாவிடம் கொடுத்தார். "எங்க வீட்டுப் புள்ளைன்னே வெச்சுக்கிறோம். சுவர்ணா மாப்பிள்ளைக்கு அம்மாவா நிப்பா. ஆனா ஒண்ணு. எங்க கல்யாணத்துக்குப் பொண்ணு வீடுன்னு ஒருத்தரும் வரல. அந்தப் பக்கம் போட்ட நாற்காலியெல்லாம் நானேதான் மடிச்சு வெச்சேன். இன்னொரு தடவ என்னால ஏலாது. சகலன் வரணும். அவரு வராம பத்தர் அடுப்ப மூட்டக் கூடாது."

"அவர் வரமாட்டார்," என்றாள் சந்திரவதனா.

"கேட்டுப் பாருங்க."

சந்திரவதனா போன் எடுத்தாள். மறுபக்கத்தில் லொறி ஒன்று உறுமுகிற சத்தம். அவள் சொல்லச் சொல்ல அந்தச் சத்தம் மட்டும்தான் கேட்டது. கடைசியில் பத்மநாதன் சொன்னார்: "அட்ரசை அனுப்பு. வந்து உந்தக் கூத்தை நிப்பாட்டுறன்."

* * *

மாப்பிள்ளை வீட்டில் பெண்ணுக்கு என்ன வேலை என்று சொல்லித் தயாளினியைச் சித்தி வெளியே அனுப்பிவிட்டாள். அவள் தெருவோரம் காருக்குள் இருந்தாள்.

ஜுன்ஹோ நடந்து வருவதைக் கண்டாள். யாரோ கொடுத்த வேட்டியைக் காற்சட்டைக்கு மேலேயே சுற்றி, இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு வந்தான். அவளைக் கண்டு கை காட்டப் போனான். வேட்டி இறங்கியது. மறுபடி பிடித்துக்கொண்டான்.

பதினொன்றரைக்குப் பத்மநாதனின் கார் வந்து நின்றது. பெற்றோல் நிலையத்துச் சீருடையைக்கூட மாற்றாமல் இறங்கினார். மகளைக் கண்டதும் வீட்டுக்குள் போகாமல் அவளுடைய காரின் மற்றக் கதவைத் திறந்து உள்ளே ஏறினார்.

"அப்பா, சண்டை பிடிக்க வேண்டாம்."

"நான் சண்டைக்கு வரேல்லை. எனக்கு ஒண்டு சொல்லு. உனக்கு ஒரு பிள்ளை பிறந்தா, அந்தப் பிள்ளையும் உப்பிடியே ஒரு புத்தகத்தோட அலையிறதோ?"

தயாளினி அவரைத் திரும்பிப் பார்த்தாள். "என்னப்பா கதைக்கிறியள்? நான் பிரிட்டிஷ். இஞ்ச பிறக்கிற என்ர பிள்ளை பிரிட்டிஷ்தான்."

"வடிவாத் தெரியுமோ?"

"தெரியும்."

"அப்ப ஏன் இதை முதலே சொல்லேல்லை?"

"நீங்கள் இதைக் கேக்கேல்லையே. பாஸ்போட் பாஸ்போட் எண்டுதானே நிண்டனீங்கள்."

பத்மநாதன் முன் கண்ணாடியைப் பார்த்துக்கொண்டு இருந்தார். "அகதியா வந்த எனக்கும் ஹோம் ஒஃபிஸ் முதல்ல ஒரு புத்தகம்தான் தந்தது. எல்லா நாட்டுக்கும் போகலாம், இலங்கைக்கு மட்டும் போகேலாது எண்டு அதில இருந்தது. அம்மா செத்தது அந்த நேரம்தான். அண்ணை கொள்ளி வைக்கிற நேரத்தைப் போனில சொன்னார். நான் கடையில பெட்டி அடுக்கிக்கொண்டு நிண்டன். எங்கட வீட்டில அந்தப் புத்தகம் என்னோட முடியவேணும் எண்டு நினைச்சனான், பிள்ளை. வேறை ஒண்டுமில்லை."

தயாளினிக்கு அழுகை வந்தது. அப்பா இதை ஒரு நாளும் அவளுக்குச் சொன்னதில்லை. அவரை இத்தனை நாளும் வெறும் பிடிவாதக்காரர் என்று நினைத்திருந்தாள்.

வாசலில் கிருஷ்ணராசா வந்து நின்றார். "வாங்க சம்பந்தி! நேரம் போகுது!"

இத்தனை வருஷமும் சகலனாக இருந்தவர் ஒரு காலைப் பொழுதில் சம்பந்தியாகிவிட்டார். பத்மநாதன் காரை விட்டு இறங்கினார். வேறு வழி தெரியவில்லை. உள்ளே போய்ப் பெண் வீட்டாருக்குப் போட்டிருந்த கதிரையில், கைகளைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்தார். நிறுத்தவும் இல்லை, நடத்தவும் இல்லை.

புகை அலாரம் அடிக்காமல் இருக்கக் கிருஷ்ணராசா அதற்கு ஒரு ஷவர் தொப்பியை மாட்டியிருந்தார். பத்தர் காஸ் அடுப்பை மூட்டினார்.

"மாப்பிள்ளை, தங்கத்தைத் தாங்கோ."

ஜுன்ஹோ ஒரு சிறிய மோதிரத்தை நீட்டினான். சுண்டு விரலுக்கும் போகாத அளவு. கொரியாக்காரர் வீட்டில் பிள்ளைக்கு முதலாவது பிறந்தநாளன்று தங்க மோதிரம் போடுவார்களாம். அவனுக்குப் போட்டதை அவன் அம்மா இத்தனை காலமும் வைத்திருந்து ஒசாக்காவிலிருந்து அனுப்பியிருந்தாள்.

"சுத்தத் தங்கம்," என்றார் பத்தர் உரசிப் பார்த்துவிட்டு. "தம்பி எந்த ஊர்?"

சுவர்ணா ஆங்கிலத்தில் திருப்பிச் சொன்னாள். ஜுன்ஹோ ஒரு கணமும் யோசிக்கவில்லை. "இக்குனோ. ஒசாக்கா."

"நல்லது," என்று சொல்லிப் பத்தர் மோதிரத்தைக் குகை என்ற சின்ன மண் கிண்ணத்துக்குள் போட்டார். அது சிவந்து, நெளிந்து, சிறு மணியாக உருண்டது. சந்திரவதனா கண்ணைத் துடைத்தாள். சுவர்ணா அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். பத்மநாதன் ஜுன்ஹோவின் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

* * *

பின்னேரத்துக்குச் சந்திரவதனா ஒரு வழி கண்டுபிடித்தாள். அரசாங்க வேலையாகப் போவது பார்ப்பதில் சேராது. ஆனால் இரண்டு பேருக்கும் நடுவில் அப்பா இருக்க வேண்டும்.

அப்படியே இருந்தார். பதிவு அலுவலகத்தின் மூன்று கதிரையில் நடுக் கதிரை அவருடையது. தயாளினி முன்னால் எட்டிப் பார்த்தால் அவரும் முன்னால் சாய்ந்தார்.

அலுவலர் பியற்றிஸ் நல்ல மனுசி. முதலில் தயாளினியைத் தனியே கூப்பிட்டுக் கேட்டாள், பிறகு ஜுன்ஹோவைக் கேட்டாள், கடைசியில் மூவரையும் மேசைக்கு அழைத்தாள்.

"எல்லாம் சரி. நாடு என்ற இடத்தில்தான் சிக்கல். இப்படியொரு அனுமதிப் புத்தகத்தை நான் பார்த்ததே இல்லை. மேலிடத்துக்கு அனுப்பிக் கேட்க வேண்டும். எத்தனை வாரம் எடுக்கும் என்று என்னால் சொல்ல முடியாது."

"கலியாண நாள்?" என்றாள் தயாளினி.

"அதற்குள் பதில் வரும் என்று நான் உறுதி சொல்ல மாட்டேன்." பியற்றிஸ் ஜுன்ஹோவைப் பார்த்தாள். "உங்கள் தாய் தென் கொரியக் குடிமகள் என்று சொன்னீர்கள். தூதரகத்தில் நீங்களும் பதிந்துகொண்டு, அவர்கள் தரும் சான்றைக் கொண்டுவந்தால் எனக்கு ஒருவரையும் கேட்க வேண்டியதில்லை. இந்தக் கோப்பைச் சில நாள் திறந்தே வைத்திருக்கலாம்."

ஜுன்ஹோ தன் கைகளைப் பார்த்தான்.

"சரி," என்றான். "நாளைக்கே தூதரகத்துக்குப் போகிறேன். அங்கிள், நீங்கள் கேட்டதும் அதுதானே. காலையில் எனக்காக எத்தனை பேர் வந்து இருந்தீர்கள். நான் எல்லாவற்றையும் கெடுக்கக் கூடாது."

தயாளினிக்கு முதலில் சந்தோஷம்தான் வந்தது. நாள் தப்பியது, மண்டபம் தப்பியது, அப்பா வென்றார், எல்லாம் முடிந்தது. அவன் எதை விட்டுக்கொடுக்கிறான் என்ற நினைப்பும் வெட்கமும் அதற்குப் பிறகுதான் வந்தன.

பத்மநாதன் பக்கவாட்டில் திரும்பி அவனைப் பார்த்தார். ஜுன்ஹோ சிரித்துக்கொண்டிருந்தான். பிறத்தியார் வீட்டில் கை நனைக்கிறவன் சிரிக்கிற சிரிப்பு. அந்தச் சிரிப்பை அவர் நன்றாக அறிவார். வந்த புதிதில் அதைச் சிரித்துச் சிரித்தே அவருக்குக் கன்னம் நொந்திருக்கிறது.

"இருங்கோ தம்பி," என்றார்.

பிறகு பியற்றிஸிடம் பெற்றோல் நிலையத்து ஆங்கிலத்தில், சுருக்கமாகச் சொன்னார்: "மிஸ், என் பாஸ்போர்ட்டில் பிறந்தநாள் ஜனவரி ஒன்று. நான் பிறந்தது ஆவணியில். வந்த நாள் ஒரு அதிகாரி தன் வேலை முடிய வேண்டும் என்று அப்படி எழுதினார். நானும் சரி சரி என்றேன். இன்றைக்கும் ஜனவரி ஒன்றில்தான் எனக்கு வாழ்த்து வருகிறது. அது ஒரு நாள்தான், போகட்டும். இது நாடு. மேலிடத்துக்கு அனுப்புங்கள். அவர் கொண்டுவந்தது என்னவோ அதையே அனுப்புங்கள்."

"அப்பா, மண்டபம்..."

"மண்டபம் அங்கதான் நிக்கும்."

"கலியாணம் பிந்தலாம், சேர்," என்றாள் பியற்றிஸ்.

"பிந்தட்டும்."

தயாளினி அப்பாவின் கையைப் பிடித்தாள். அவள் சொல்லியிருக்க வேண்டியதை அவர் சொல்லிவிட்டார். ஜுன்ஹோ தலை குனிந்து, எழுந்து, மறுபடி உட்கார்ந்தான்.

வெளியே வந்ததும் பத்மநாதன் உற்சாகமாக இருந்தார். ஒரு நல்ல காரியம் செய்த மனிதனுக்கு அடுத்ததையும் உடனே செய்துவிட வேண்டும்போல் இருக்கும். பாதி ஆங்கிலமும் பாதித் தமிழுமாக ஜுன்ஹோவிடம் சொன்னார்: "தம்பி, உங்கட அம்மாவோட நான் கதைக்கவேணும். கலியாணம் என்னால பிந்துது எண்டு நான்தான் சொல்லவேணும். அதுதான் முறை."

"அங்கே இப்போது இரவு, அங்கிள். அம்மாவுக்கு ஆங்கிலமும் வராது."

"நீங்கள் திருப்பிச் சொல்லுங்கோ. போனைப் போடுங்கோ."

முதல் மணியிலேயே அவன் அம்மா எடுத்தாள். மோதிரம் உருகிய கதையைக் கேட்கத் தூங்காமல் இருந்திருப்பாள் போலும். திரையில் ஒரு ஒல்லியான அம்மாள், தலை வாரி, நல்ல சட்டை போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். பத்மநாதன் கை கூப்பினார். ஜுன்ஹோ பேசினான். நடந்ததையெல்லாம் ஒன்று விடாமல் சொன்னான் என்பது அவள் முகம் மாறிய விதத்திலிருந்து தெரிந்தது.

அவள் ஒரே ஒரு கேள்வி கேட்டாள். ஜுன்ஹோ அதைத் திருப்பிச் சொல்லாமல் நின்றான்.

"என்ன கேக்கிறா?" என்றார் பத்மநாதன்.

"அங்கிள், வேண்டாம்."

"சொல்லுங்கோ தம்பி."

ஜுன்ஹோ நிலத்தைப் பார்த்துக்கொண்டு சொன்னான்: "அப்பா செத்த நாளிலிருந்து தென் கொரியக் குடியுரிமையை எடு எடு என்று அம்மா என்னிடம் கெஞ்சுகிறார். இன்றைக்குத்தான் நான் முதல் முறையாகச் சரி என்றேனாம். அதை வேண்டாம் என்று சொல்ல நீங்கள் யார் என்று கேட்கிறார்."